அடுப்பை மாடிக்குக் கொண்டுபோன ஞாயிறு

“கடல்ல போற கப்பலையே திருப்பி விடுதேன்னு சொல்லுத. ஒங்கம்மைய ஒரு வேள ஒக்கார வச்சு, சூட்டோட திங்க வைக்க ஒன்னால முடியுமாளா?”

சாத்தான்குளத்திலிருந்து வந்திருந்த சித்தி இப்படிக் கேட்டபோது, நான் என் அலுவலகப் பெருமையைச் சொல்லிக்கொண்டிருந்தேன். தூத்துக்குடியில், துறைமுகத்துக்குப் போகிற சாலையில், சரக்குப் பெட்டகங்களை வெளிநாட்டுக்கு அனுப்பும் சிறிய அலுவலகம் ஒன்றில் எனக்கு வேலை. அன்று ஒரு பெட்டகம் போய்ச் சேர வேண்டிய துறைமுகத்தின் பெயர் தாள்களில் தப்பாக இருந்ததைக் கப்பல் கிளம்புவதற்கு முன் நான்தான் கண்டுபிடித்தேன். கப்பலைத் திருப்பினேன் என்று நான் சொல்லவில்லை. ஆனால் கிட்டத்தட்ட அந்த மாதிரிதான் சொல்லியிருப்பேன் போலிருக்கிறது.

எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முடித்துக் கல்லூரிக்கும் போன முதல் ஆள் நான். அதைச் சொல்லிக்கொள்ள எனக்குக் கூச்சம் கிடையாது. அப்பா ஐந்தாவதோடு நின்று, மாமா ஒருவரின் கடையில் பொட்டலம் மடிக்கப் போனவர். அம்மாவும் சித்தியும் பள்ளிக்கூடத்துக்கு அனுப்பப்படவே இல்லை. அதனால் சித்தியின் கேள்வி எனக்குச் சுருக்கென்று பட்டது. திரும்பிப் பார்த்தேன். அம்மா அடுக்களை நிலையில் தோள் சாய்த்து நின்றபடி, கையில் தட்டை ஏந்திச் சாப்பிட்டுக்கொண்டிருந்தாள். எங்கள் சாப்பாடு முடிந்து வெகுநேரம் ஆகியிருந்தது. குழம்பின் மேல் எண்ணெய் உறைந்து கிடந்தது.

அம்மா ஏன் நின்று சாப்பிடுகிறாள் என்பதற்கு எங்கள் வீட்டின் அமைப்பைச் சொல்ல வேண்டும். முன்னால் மளிகைக்கடை, பின்னால் வீடு. நடுவில் ஒரு திரை. அப்பா சாப்பிட உள்ளே வந்தால் அம்மா கடைக்குப் போவாள். அப்பா திரும்பிப் போனபின் அம்மா தட்டைப் போடுவாள். அதற்குள் அரைக்கிலோ பருப்புக்கு ஒருவர், தேங்காய் எண்ணெய்க்கு ஒருவர் என்று கூட்டம் வந்துவிடும். அப்பாவுக்கு ஒரு கை போதாது. கூப்பிட்டால் ஓட வேண்டியவள் உட்கார்ந்தால் எழுந்திருக்க நேரமாகும். அதனால் நிற்பாள். காதைத் திரைப்பக்கம் வைத்துக்கொண்டு சாப்பிடுவாள். என் வயதுக்கு நான் அவளை வேறு மாதிரிப் பார்த்ததில்லை. ஞாயிற்றுக்கிழமை மத்தியானத்துக்குமேல் கடை கிடையாது. அன்றைக்கும் அவள் நின்றுதான் சாப்பிடுவாள். கால் அதற்குப் பழகிவிட்டது.

சித்தி சொல்லிவிட்டுப் பஸ் ஏறிப் போய்விட்டாள். எனக்குத்தான் விடவில்லை. முடியாது என்று ஒருவர் சொல்லிவிட்டால் என்னால் அதைச் சும்மா விட முடியாது. கல்லூரிக்கும் நான் அப்படித்தான் போனேன்.

முதலில் எல்லோரையும் ஓர் ஓட்டலுக்குக் கூட்டிக்கொண்டு போனேன். அங்கே உட்கார்ந்துதான் ஆக வேண்டும், கடையும் கிடையாது, அடுப்பும் கிடையாது என்பது என் கணக்கு. அம்மா உட்காரத்தான் செய்தாள். ஆனால் கறியைத் தொடவில்லை. எப்படிக் கழுவினார்களோ, என்ன தண்ணீரோ என்று என் காதில் சொல்லிவிட்டுத் தயிர்சாதம் வாங்கிச் சாப்பிட்டாள். தயிர்சாதத்தில் சூடு எங்கிருந்து வரும்? அம்மாவுக்குக் கறி என்றால் கல்லுப்பும் மஞ்சளும் போட்டு, தண்ணீர் தெளியும் வரைக்கும் தேய்த்துக் கழுவ வேண்டும். அதை வேறு யாரும் ஒழுங்காகச் செய்வார்கள் என்று அவள் நம்புவதில்லை.

அடுத்த வாரம் நானே சமைத்து அம்மாவுக்குப் பரிமாறப் பார்த்தேன். அவளைக் கூடத்தில் பாயைப் போட்டு உட்கார வைத்தேன். நான் அடுக்களைக்குள் போய்க் கரண்டியை எடுத்துத் திரும்புவதற்குள் என் பின்னால் வந்து நின்று தீயைக் குறைத்துக்கொண்டிருந்தாள். அடுப்பு எங்கே எரிகிறதோ அங்கே அம்மா நிற்பாள். இது அவள் மனசில் இருக்கிற பிடிவாதம் இல்லை. உடம்பில் இருக்கிறது.

அப்போதுதான் செல்போனில் அந்த வீடியோவைப் பார்த்தேன். கொரியாவில் ஒரு குடும்பம். மேசை நடுவில் கரி அடுப்பு, அதன்மேல் கம்பித் தட்டு, தட்டில் மெல்லிய கறித்துண்டுகள். சுற்றி எல்லோரும் உட்கார்ந்திருக்கிறார்கள். சுடுகிறவர், தின்கிறவர் என்று தனித்தனியாக யாரும் இல்லை. நான் அந்த வீடியோவை மறுபடி மறுபடி ஓட்டிப் பார்த்தேன். கறியைப் பார்க்கவில்லை. அடுப்பு இருந்த இடத்தைத்தான் பார்த்தேன். அம்மாவை அடுப்பிடமிருந்து பிரிக்க முடியாது. சரி, அடுப்பைக் கொண்டுவந்து சாப்பிடுகிற இடத்தில் வைத்துவிட்டால்?

அலுவலகத்தில் என் பக்கத்து மேசைத் தோழி, கடலோரத்தில் மீனவர்கள் இருக்கும் திரேஸ்புரத்துக்காரி. கொரியத் தொடர்களைத் தமிழில் பார்த்துத் தீர்த்துவிட்டு இப்போது கொரிய மொழியிலேயே பார்க்கிறவள். அவளிடம் கேட்டதும், வீட்டில் பாதி தீர்ந்த டப்பா ஒன்று இருக்கிறது என்று கொண்டுவந்து கொடுத்தாள். கொச்சுஜாங் என்று பெயர். சிவப்பு மிளகாயைப் புளிக்கவைத்துச் செய்த விழுது. இனிப்பும் காரமுமாக, நாக்கில் கொஞ்சம் தாமதமாகச் சுடுகிறது. அதோடு ஒரு பாட்டிலும் தந்தாள். கப்பலில் வேலை பார்க்கும் அவளுடைய அண்ணன் தாய்லாந்திலிருந்து வாங்கி வந்த மீன் சாஸ், மீனை உப்பில் ஊறப்போட்டு வடித்த சாறு. அவர்கள் வீட்டில் அதை யாரும் தீர்க்கவில்லையாம். பூசான், லேம் சபாங் என்று இரண்டு நாட்டுத் துறைமுகங்களின் பெயரையும் நான் நாள் தவறாமல் தட்டச்சு செய்கிறேன். அந்த ஊர்களின் ருசி என் மேசைக்கு வந்தது அதுதான் முதல் தடவை.

ஞாயிற்றுக்கிழமை காலையில் எலும்பில்லாத கோழித் தொடைக்கறி வாங்கிவந்தேன். கடைக்காரரை நச்சரித்து மெல்லிசாக, விரல் நீளத்துக்கு வெட்டச் சொன்னேன். வீட்டுக்கு வந்து, அம்மாவுக்குப் பயந்து நன்றாகவே கழுவினேன். பிறகு டப்பாவில் இருந்த விழுதில் ஏறக்குறைய எல்லாவற்றையும் வழித்துப் போட்டேன். தட்டிய பூண்டு, இஞ்சிச் சாறு, இரண்டு கரண்டி நல்லெண்ணெய், ஒரு கரண்டி மீன் சாஸ். பிசைந்து, மூடி, ஃபிரிட்ஜில் வைத்தேன். இதைவிடச் சுலபமான சமையல் எதையும் நான் செய்ததில்லை. தாளிக்க வேண்டாம், அரைக்க வேண்டாம், வதக்க வேண்டாம். நான் வரச் சொல்லியிருந்த சித்தியை அழைத்துவர அம்மா பஸ் ஸ்டாப்புக்குப் போயிருந்த நேரம் அது. அவள் எதையும் பார்க்கவில்லை. பார்க்காமல் இருப்பதே நல்லது என்று நானும் நினைத்தேன்.

மத்தியானம் கம்பித் தட்டுக்காகத் திரேஸ்புரம் போனேன். தோழி வீட்டில் மீன் சுடுவதற்கென்று ஒன்று உண்டு. ஞாயிறு என்பதால் படகுகள் எல்லாம் கரையில் கிடந்தன. தோழி மாதா கோயிலுக்குக் கட்டிப்போன சேலையைக்கூட மாற்றாமல் வாசலில் உட்கார்ந்து, தட்டைச் சாம்பல் போட்டுத் தேய்த்துத் தந்தாள். வருகிற வழியில் மார்க்கெட்டில் இறங்கினேன். வீடியோவில் கறியைப் பச்சை இலையில் சுருட்டித் தின்றார்கள். அந்த இலை இங்கே எங்கே கிடைக்கும்? முட்டைக்கோஸ் இலையைப் பிரித்துப் பார்த்தேன், மடிந்தால் உடைந்தது. பக்கத்தில் ஈரத்துணி போர்த்திய கூடையில் ஆத்தூர் வெற்றிலை இருந்தது. கொழுந்து, மெல்லிசு. அரைக் கவுளி, ஐம்பது இலை, வாங்கிக்கொண்டேன்.

வீட்டுக்குள் நுழைந்தபோது அம்மா என்னை அடுக்களைக்குள் இழுத்துக் கதவை ஒருக்களித்தாள். முகத்தில் ஒரு ரகசியம் இருந்தது. குரலைத் தாழ்த்திச் சொன்னாள்:

“ஒங்கப்பாவுக்கும் சித்திக்கும் தெரியாது. கோழிக்கறில மீன் வாடை அடிச்சிச்சு. கெட்டுப்போன கறிய ஒன் தலையில கட்டிட்டாம்ளா அந்தக் கடைக்காரன். நான் நல்லாக் கழுவி வச்சிட்டேன். ஒண்ணும் தெரியாது.”

பாத்திரத்தைத் திறந்து காட்டினாள். நான் பிசைந்துவைத்த கறி ஒவ்வொரு துண்டும் பளிச்சென்று வெளுத்து, மேலே மெல்லிய மஞ்சள் பூச்சோடு இருந்தது. கல்லுப்புப் போட்டுத் தேய்த்திருக்கிறாள். தண்ணீர் தெளியும் வரைக்கும் கழுவியிருக்கிறாள். கொரியா முழுவதும் எங்கள் வீட்டுச் சாக்கடையில் போய்விட்டது.

எனக்குக் கோபம் வந்ததா, சிரிப்பு வந்ததா என்று இப்போது சொல்லத் தெரியவில்லை. கண்ணில் தண்ணீர் முட்டியது மட்டும் நினைவிருக்கிறது. அம்மா அதைப் பார்த்துவிட்டு, நான் கடைக்காரனிடம் ஏமாந்ததற்காக அழுகிறேன் என்று நினைத்துக்கொண்டாள். என் முதுகைத் தடவி, இதெல்லாம் எல்லாருக்கும் நடக்கிறதுதான், படித்த பிள்ளைக்குக் கறி பார்க்கத் தெரியவில்லை என்று ஒருத்தரும் பேசிவிடக் கூடாது, அதுதான் சத்தமில்லாமல் கழுவினேன் என்றாள். என் பெயர் கெடாமல் காப்பதற்காகத் தொட்டியடியில் குனிந்து நின்று, ஒவ்வொரு துண்டாகத் தேய்த்திருக்கிறாள். அவளிடம் போய் என்ன சண்டை போட முடியும்?

விஷயத்தைச் சொன்னேன். அந்த வாடை அந்தச் சாஸின் வாடை, அதை வேண்டுமென்றுதான் ஊற்றினேன் என்றேன். அம்மா பாட்டிலைத் தூக்கிப் பார்த்தாள். மூடியைத் திறந்து மோந்தாள். முகத்தைத் தூரமாக்கிக்கொண்டாள்.

“இத யாராவது வேணும்ன்னு ஊத்துவாங்களா?” என்று மட்டும் கேட்டாள்.

வெளியே காது கொடுத்துக்கொண்டிருந்த சித்தி இதற்குமேல் தாங்காமல் கதவைத் தள்ளிக்கொண்டு உள்ளே வந்தாள். நடந்ததைக் கேட்டு நிலைப்படியில் உட்கார்ந்து சிரித்தாள். அவள் சிரிப்பு முடிய நேரமாயிற்று.

டப்பாவில் ஒரு கரண்டி விழுதுதான் மிஞ்சியிருந்தது. சுரண்டினால் ஒன்றரை. ஒரு கிலோ கறிக்கு அது எந்த மூலைக்கு? கொரியாவால் ஆகாது என்றால் தாய்லாந்தைத்தான் கூப்பிட வேண்டும். பாட்டில் முக்கால் நிறைய இருந்தது. மீன் சாஸ், எலுமிச்சைச் சாறு, மிளகாய், பனைவெல்லம், அதுதான் அந்த ஊர் சேர்மானம் என்று செல்போன் சொன்னது. பனைவெல்லம் என்று படித்ததும் நான் கடைக்குள் ஓடினேன். ஷட்டரை இறக்கிவிட்டுக் கணக்குப் பார்த்துக்கொண்டிருந்த அப்பாவிடம் உடன்குடிக் கருப்பட்டி ஒன்று கேட்டேன். எதற்கு என்று கேட்டார். தாய்லாந்துக் கறிக்கு என்றேன்.

அப்பா கல்லாப் பெட்டியை மூடிவிட்டு என்னை நிமிர்ந்து பார்த்தார். “அங்கனயும் பனை நிக்குதாமா?”

நிற்கிறது, வெல்லமும் காய்ச்சுகிறார்கள் என்றேன். அப்பாவுக்கு அது பெரிய செய்தியாக இருந்தது. அதுவரை என் சமையலைப் பற்றி ஒரு வார்த்தை பேசாதவர், கருப்பட்டியில் நல்லதாகப் பொறுக்கி, சுண்டிப் பார்த்து, அவரே தட்டித் தூளாக்கித் தந்தார்.

சித்தி ஊரிலிருந்து கொண்டுவந்த பையில் அவள் தோட்டத்து எலுமிச்சங்காய்கள் இருந்தன, காம்போடும் இலையோடும். சாற்றைப் பிழிந்துகொண்டேன். இலையைக் கிழித்துக் கறியில் போட்டேன். மிளகாய் வற்றலை அம்மா வெந்நீரில் ஊறவைத்து, நான் கேட்காமலே அம்மியில் மையாக அரைத்துவிட்டாள். மிஞ்சிய கொரிய விழுது, வற்றல் விழுது, கருப்பட்டித்தூள், பூண்டு, நல்லெண்ணெய். கடைசியாக மீன் சாஸை ஊற்றியபோது அம்மா சேலை முந்தியால் மூக்கை மூடிக்கொண்டாள். ஆனால் கையை எடுக்கவில்லை. பிசைந்தது அவள்தான். ஒரு மணி நேரம் ஊறட்டும் என்று வைத்தோம். மேலே தூவ நிலக்கடலையை வறுத்து ஒன்றிரண்டாகத் தட்டினேன்.

சாயங்காலம் வெயில் தாழ்ந்து கடல் காற்று திரும்பியதும் எல்லாவற்றையும் மொட்டைமாடிக்குக் கொண்டுபோனோம். துணி தேய்ப்புக்காரர்களுக்காக அப்பா கடையில் வைத்திருக்கும் சிரட்டைக்கரியைப் பழைய இரும்புச் சட்டியில் கொட்டி மூட்டினேன். சட்டிக்கு அடியில் செங்கல், மேலே திரேஸ்புரத்துக் கம்பித் தட்டு. சுற்றிலும் பாய். அப்பா ஒருபுறம், சித்தி ஒருபுறம், நான் ஒருபுறம். நாலாவது பக்கத்தைக் காட்டி அம்மாவை உட்காரச் சொன்னேன்.

அம்மா உட்கார்ந்தாள். மறுபேச்சு இல்லை. அடுப்பு தரையில் இருந்தால் உட்கார்ந்துதானே ஆக வேண்டும்? நான் சித்தியைப் பார்த்தேன். சித்தி என்னைப் பார்க்கவில்லை.

முதல் துண்டுகளைத் தட்டில் பரப்பியதும் கருப்பட்டி உருகிக் கரியில் சொட்டி, புகை ஒரு சுற்றுச் சுற்றியது. மீன் சாஸின் வாடை போன இடம் தெரியவில்லை. கொஞ்சம் கருகிய இனிப்பு, பூண்டு, எலுமிச்சை இலை, எல்லாம் சேர்ந்து வந்த மணத்தில் அப்பாவே மூக்கை உறிஞ்சினார். அம்மா என் கையிலிருந்து இடுக்கியை வாங்கிக்கொண்டாள். எனக்குத் தீ பார்க்கத் தெரியவில்லையாம். ஓரத்தில் கிடந்ததை நடுவுக்கும், நடுவில் கருகுவதை ஓரத்துக்கும் மாற்றி மாற்றிப் புரட்டினாள். வெந்த முதல் துண்டு அப்பா தட்டுக்குப் போனது. அடுத்தது சித்திக்கு. அடுத்தது எனக்கு. அடுத்தது மறுபடியும் அப்பாவுக்கு.

அவள் தட்டு காலியாகவே இருந்தது.

நான் ஒரு துண்டை எடுத்து அதில் வைத்தேன். பிறகு தின்றுகொள்கிறேன் என்றாள். அந்தத் துண்டு காற்றில் ஆறிச் சுருங்கியது. சிறிது நேரத்தில் அதையும் எடுத்து மறுபடி கம்பித் தட்டில் போட்டுச் சூடாக்கி என் தட்டில் வைத்துவிட்டாள். நின்று செய்த வேலையை உட்கார்ந்து செய்கிறாள், அவ்வளவுதான் வித்தியாசம். அதே வேலைக்கு நான் அவளுக்கு ஒரு முக்காலி போட்டுக் கொடுத்த மாதிரிதான் ஆயிற்று என்று தோன்றியது. இவ்வளவு தூரம் வந்து, கடைசியில் கறி தீரப்போகிறது. சித்தி இப்போது என்னைப் பார்த்தாள். கிண்டலாகப் பார்த்திருந்தால்கூடத் தாங்கியிருப்பேன். அவள் பரிதாபமாகப் பார்த்தாள்.

வெற்றிலையை அதுவரை யாரும் தொடவில்லை. அப்பாதான் முதலில் எடுத்தார். வெற்றிலை போடுகிறவர் அவர். காம்பைக் கிள்ளி, நரம்பை உரித்து, தொடையில் துடைத்து, கறித்துண்டு ஒன்றை நடுவில் வைத்தார். நான் சொல்லிக் கொடுத்தபடி கடலையும் பச்சை வெங்காயமும் தூவினார். நான்கு பக்கமும் மடித்து வாயில் போட்டார். நிதானமாக மென்று முடித்தார். பிறகு, எங்கள் மூன்று பேரையும் பார்த்து, காரம் கொஞ்சம் பிந்தி வருகிறது என்றார். அது பாராட்டு. அப்பா அதற்குமேல் சொல்ல மாட்டார்.

அந்த நேரம் கீழே கடை ஷட்டரை யாரோ தட்டினார்கள். அண்ணாச்சி, அண்ணாச்சி என்று கூப்பிட்டார்கள்.

அம்மா இடுக்கியைக் கையில் பிடித்தபடியே பாதி எழுந்துவிட்டாள். ஞாயிறு சாயங்காலம் கடை இல்லை என்பது தெருவுக்கே தெரியும். இருந்தாலும் யாராவது தட்டுவார்கள், யாராவது என்றால் அம்மாதான் போவாள்.

“நீ இரி” என்றார் அப்பா.

எழுந்து கைப்பிடிச் சுவர் ஓரம் போனார். கீழே எட்டிப் பார்த்து, சாப்பிட்டுக்கொண்டிருக்கிறோம், காலையில் வா என்றார். வந்தவர் தீப்பெட்டிதான் என்று ஏதோ கெஞ்சுவது கேட்டது. அப்பா காலையில் என்று மறுபடி சொல்லிவிட்டுத் திரும்பினார். வந்தவரை அப்பா வெறுங்கையோடு அனுப்பி நான் பார்த்ததில்லை. அம்மாவும் பார்த்ததில்லை. பாதி எழுந்தவள் அப்படியே குந்தியிருந்தாள்.

அப்பா உட்கார்ந்து இன்னொரு வெற்றிலையை எடுத்தார். காம்பைக் கிள்ளினார். கம்பித் தட்டில் இருந்து நேராக ஒரு துண்டை, சூடு தாங்காமல் விரலை உதறிக்கொண்டே எடுத்து வைத்து மடித்தார். அவர் வாய்க்குப் போகும் என்று நினைத்தேன். கை அடுப்பைத் தாண்டி அம்மாவின் முகத்துக்கு நேராகப் போய் நின்றது.

அம்மாவுக்கு முகத்தை எங்கே வைப்பது என்று தெரியவில்லை. தங்கச்சி உட்கார்ந்திருக்கிறாள், வளர்ந்த மகள் உட்கார்ந்திருக்கிறாள். “அங்கன வைங்க. நான் பெறவு தின்னுக்கிடுதேன்.”

“ஆறிப்போயிரும்” என்றார் அப்பா.

அந்த வார்த்தை அம்மாவுடையது. தினமும் திரைக்கு இந்தப் பக்கம் நின்று அப்பாவைப் பார்த்து அவள் சொல்வது. அப்பா வாயிலிருந்து அது வந்து நாங்கள் கேட்டதில்லை. கை இறங்கவே இல்லை. அம்மா இடுக்கியைக் கீழே வைக்கவும் மறந்து, முன்னால் குனிந்து வாயைத் திறந்தாள்.

மெல்லத் தொடங்கியதும் வாயைக் கையால் மூடிக்கொண்டு தலையை ஆட்டினாள். கண்ணில் தண்ணீர் வந்துவிட்டது. பிடிக்கவில்லையோ என்று நான் பயந்துபோனேன்.

“சுடுதுளா” என்றாள், சிரித்துக்கொண்டே.

“சூடா இருந்தாச் சுடத்தான் செய்யும். பழகிக்கோ” என்றாள் சித்தி. சொல்லிக்கொண்டே அம்மா கையிலிருந்து இடுக்கியைப் பிடுங்கினாள். “தா யக்கா இத. அத்தானுக்கு நான் போடுதேன்.”

கையில் ஒன்றும் இல்லாமல் போனதும் அம்மாவுக்கு இரண்டு கைகளையும் என்ன செய்வதென்று தெரியவில்லை. மடியில் வைத்தாள். முந்தியைச் சரிசெய்தாள். பாயில் விழுந்திருந்த கடலையைப் பொறுக்கினாள். நான் ஒரு வெற்றிலையை எடுத்து மடித்தேன். எனக்கு மடிக்க வரவில்லை. கறியைக் கூடுதலாக வைத்துவிட்டேன், இலை கிழிந்து அம்மா தாடையில் சாறு வழிந்தது. அவள் அதையும் தின்றாள். அடுத்ததை அவளே மடித்தாள். அதற்கடுத்ததில், நாங்கள் யாரும் செய்யாததாக, எலுமிச்சைத் தோலைத் துளி கிள்ளி வைத்துக்கொண்டாள். காலை நீட்டி உட்கார்ந்தாள். துறைமுகத்துப் பக்கம் விளக்குகள் ஏற்றிவிட்டிருந்தார்கள். இந்த மாடியிலிருந்து கிரேன் தெரியும் என்பது தனக்குத் தெரியாது என்றாள். துணி காயப்போட வரும்போதெல்லாம் என்ன பார்த்தாய் என்று சித்தி கேட்டாள். துணியைத்தான் என்றாள் அம்மா.

சித்தி இரவு பஸ்ஸுக்குக் கிளம்பும்போது செருப்பை மாட்டிக்கொண்டே, “ஒத்துக்கிடுதேன்” என்றாள். அம்மாவின் வாயில் அந்த முதல் துண்டை வைத்தது நான் இல்லை. ஆனால் அடுப்பை மாடிக்குக் கொண்டுபோனது நான்தான். அந்தப் பெருமையை நான் யாருக்கும் விட்டுக்கொடுக்கப் போவதில்லை.

திங்கட்கிழமை கம்பித் தட்டைத் திருப்பிக் கொடுத்தபோது தோழியிடம் எல்லாவற்றையும் சொன்னேன். கொரியாவிலும் அப்படித்தான், இலையில் மடித்து அன்பானவர் வாயில் வைப்பார்கள், எல்லாத் தொடரிலும் வரும், இதை உங்கப்பாவுக்கு யார் சொல்லிக் கொடுத்தது என்று கேட்டாள். யாரும் சொல்லிக் கொடுக்கவில்லை என்றேன். அவள் நம்பவில்லை.

அதே திங்கட்கிழமை ராத்திரி அம்மா மறுபடியும் அடுக்களை நிலையில் சாய்ந்து நின்று தோசை தின்றாள். எனக்கு அது ஏமாற்றமாக இல்லை. ஒரு ஞாயிற்றுக்கிழமையால் வாரம் முழுவதையும் மாற்றிவிட முடியும் என்று நான் நினைத்திருக்கவில்லை. கரியும் வெற்றிலையும் எப்போதாவதுதான். தினமும் வேகிறது தோசையும் சப்பாத்தியும். அது வேகிற அடுப்பு, இடுப்பு உயரத்து மேடையில் சுவரோடு ஒட்டிக்கொண்டிருக்கிறது. அதன் முன்னால் யாரும் நிற்கத்தான் முடியும். ராத்திரி அரைமணி நேரம் ஷட்டரைப் பாதி இறக்கலாமே என்று அப்பாவிடம் கேட்டுப் பார்த்தேன். வியாபார நேரம் என்றார். அது வேறு சண்டை, நடந்துகொண்டிருக்கிறது.

நேற்று எலக்ட்ரீசியன் வந்தார். கூடத்தில், கடைத்திரை கண்ணில் படாத சுவரில், பாயில் உட்கார்ந்தால் கைக்கு எட்டும் உயரத்தில் ஒரு பிளக் பாயிண்ட் வைக்கச் சொன்னேன். இவ்வளவு கீழேயா என்று கேட்டார். ஆமாம், அவ்வளவு கீழேதான் என்றேன். சுவரை எதற்கு ஓட்டை போடுகிறாய் என்று அம்மா கேட்டுக்கொண்டே பின்னால் நின்றாள். இண்டக்‌ஷன் அடுப்பு அட்டைப்பெட்டியில் என் கட்டிலுக்கு அடியில் இருக்கிறது. பூசிய சிமெண்ட் காய வேண்டும் என்று சொல்லிவிட்டுப் போயிருக்கிறார்.